கோந்து வீட்டு நிசப்தம்

அத்தியாயம் 5

ஷட்டரைத் தூக்கினான் ரேடியோ. விளக்கைப் போட்டான். இரண்டு மேஜைகளையும் துடைத்தான். காலித் தண்ணீர் கேனை வெளியே வைத்துவிட்டுப் புதுக் கேனைக் கவிழ்த்தான். கெட்டிலின் சுவிட்சைத் தட்டினான். 'துப்பறியும் நிலையம், மாடி' என்ற பலகையின் மேல் படிந்திருந்த தூசியை ஊதினான். நேற்றைய செய்தித்தாளை அடுக்கில் போட்டான். இன்றையதை அண்ணியின் மேஜையில் வைத்தான். தண்ணீர் கொதித்தது. இரண்டு டீ போட்டான். ஒன்றைக் குடித்தான். இன்னொன்று ஆறியது.

அண்ணி வந்தாள். நாற்காலியின் முதுகில் பையை மாட்டினாள். ஆறிய டீயைக் குடித்தாள். அவளுக்கு அப்படித்தான் பிடிக்கும்.

"யாராவது வந்தாங்களா?"

"ரெண்டு பேர். ரெண்டு பேரும் கண்ணு டெஸ்ட் பண்ண வந்தவங்க. கீழ போங்கன்னு அனுப்பிட்டேன்."

கீழ்த்தளத்தில் கண்ணாடிக் கடை. படிக்கட்டு இரண்டுக்கும் பொது. துப்பறியும் நிலையத்துக்கு இதுவரை வந்தவர்களில் முக்கால்வாசிப் பேர் பார்வை மங்கியவர்கள்.

அண்ணி என்றால் ரேடியோவுக்கு அண்ணன் மனைவி. பல வருடம் காப்பீட்டுக் கம்பெனியில் பொய்க் கோரிக்கைகளைப் பிடிக்கும் வேலையில் இருந்தாள். பொய் அலுத்துப்போய்ச் சொந்தமாகக் கடை திறந்தாள். வீட்டில் சும்மா உட்கார்ந்து தின்கிறான் என்று அண்ணன் தினமும் கரித்துக் கொட்டிய தம்பியைத் தன்னோடு உதவியாளாக அழைத்துக்கொண்டாள். ரேடியோ என்பது பள்ளிக்கூடத்தில் வைத்த பெயர். திருகினாலும் நிற்காது என்று வாத்தியார் சொன்னார். இன்றுவரை நிற்கவில்லை.

படியில் மறுபடி காலடிச் சத்தம். ரேடியோ நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

"கண்ணு டெஸ்ட்டா? கீழ்த்தளம்."

"கண்ணு நல்லாத்தான் இருக்கு தம்பி. காதுல ஒண்ணுதான் அவுட்."

ரேடியோ நிமிர்ந்தான். வாசலில் நெடுநெடுவென்று ஒருவர் நின்றார். தலை முழுக்க நரை. கதவைப் பிடித்திருந்த உள்ளங்கை முறம் மாதிரி இருந்தது. அந்தக் கையை ரேடியோவுக்குத் தெரியும். அவன் அறைச் சுவரில் பதினைந்து வருடமாக அந்தக் கை ஒட்டியிருக்கிறது.

"கோந்து சார்!" என்று அலறினான். "அண்ணி, கோந்து சார்! நம்ம மாடிக்கு! நம்ம நாற்காலிக்கு!"

"யாரு?" என்றாள் அண்ணி.

ரேடியோ நெஞ்சைப் பிடித்துக்கொண்டான். "யாருன்னு கேட்டுட்டீங்களே. இந்தப் பாவத்துக்கு உங்களை நரகத்துலகூட தனி ரூம்லதான் போடுவாங்க. கைக்கு வந்த பந்து அப்படியே ஒட்டிக்குமாம், அதனால கோந்து. இறுதி ஆட்டம். கடைசிப் பந்து. எல்லைக்கோட்டைப் பாத்து ஓடி, பறந்து, வலது கை ஒண்ணால ஒரு கேட்ச். இடது கை ஸ்டைலா இடுப்புல. அந்தப் போட்டோ இல்லாத கிரிக்கெட் புத்தகம் உண்டா? விளையாட்டோட வரலாறுன்னு யார் டாக்குமெண்டரி எடுத்தாலும் முதல்ல சார் வீட்டுக் கதவைத்தான் தட்டுவாங்க. ஒன்பது படம் அண்ணி! ஒன்பதுலயும் அதே சோபா!"

"அதே கதை" என்றார் கோந்து.

"எனக்கு மனப்பாடம் சார்." ரேடியோ கண்களை மூடிக்கொண்டு குரலைத் தாழ்த்தினான். "'அண்ணாந்து பார்த்தேன். பந்தைக் காணோம். சூரியன் மட்டும்தான் இருந்தது. சரி, சூரியனையே பிடித்துவிடலாம் என்று கையை நீட்டினேன்.' ஆகா! ஏன் ஒரே கைன்னு மூணாவது படத்துல ஒரு பேராசிரியர் வரைபடம் போட்டுக் காட்டினார். இடது கை இடுப்புல இருந்ததாலதான் உடம்பு பம்பரம் மாதிரி நிலையா நின்னுச்சாம். அதைப் பாத்துட்டுப் பசங்களை இடுப்புல கை வெச்சுக்கிட்டே ஓட வெக்கிறாங்க பயிற்சியாளருங்க!"

கோந்துவின் முகத்தில் ஏதோ ஒன்று எட்டிப் பார்த்துவிட்டு ஒளிந்துகொண்டது. "அது கிடக்கட்டும் தம்பி" என்றார். அண்ணியின் எதிரே உட்கார்ந்தார்.

"அம்மா, என் வீட்டுக்காரி ஒரு வார்த்தை சொன்னா. அது என்னன்னு எனக்குத் தெரியணும்."

"அதை அவங்ககிட்டயே கேட்டுட்டா..." என்று ரேடியோ வாயெடுத்தான்.

"போன வருஷம் போயிட்டா தம்பி."

ரேடியோ நின்றுபோனது.

"முதல்லேருந்து சொல்லுங்க சார்" என்றாள் அண்ணி.

"ஒன்பதாவது படம். எங்க வீட்டு ஹால்ல எடுத்தாங்க. அவ சமையலறையில இருந்தா. கேமரான்னா அவளுக்கு ஆகாது. எட்டிக்கூடப் பாக்க மாட்டா. நான் பேசி முடிச்சேன். 'அப்படியே சும்மா உக்காருங்க சார்'னாங்க. உக்காந்திருந்தேன். யாரோ கையைத் தட்டினாங்க. உடனே அத்தனை பேரும் ஒண்ணா வெடிச்சுச் சிரிக்கறாங்க. ஒருத்தன் தரையிலயே உக்காந்துட்டான். என்னப்பான்னு கேட்டா, 'அம்மா சொன்னது கேக்கலையா சார்?'ங்கறான். கேக்கல. எனக்கு இடது காது கிடையாது. ஆட்டத்தை விடற சமயத்துல ஒரு பந்து உரசிட்டுப் போனதோட சரி. சமையலறை அந்தப் பக்கம்."

"அவங்களைக் கேட்டீங்களா?"

"கேட்டேன். 'ஒண்ணுமில்ல போங்க'ன்னா. சரி, அப்புறம் கேட்டுக்கலாம்னு விட்டேன். அடுத்த மாசம் ஆஸ்பத்திரி. அப்புறம் அந்தப் பேச்சையே எடுக்க முடியல."

"படக்காரங்களைக் கேட்டீங்களா?"

"ஒரு வருஷம் ஆச்சேம்மா. லைட்டுக்காரரைக் கேட்டா 'எங்களைத்தான் ஏதோ திட்டினாங்க'ங்கறார். கேமராமேனைக் கேட்டா 'உங்களைத்தான் திட்டினாங்க'ங்கறார். டைரக்டர்தான் தெளிவா சொல்றார்." அவர் கையை மூடித் திறந்தார். "நான் கேட்ச் கதையைச் சொல்றப்ப, அவ உள்ளேருந்து 'அது கேட்ச்சே இல்ல'ன்னு சொன்னாளாம். அதை வெச்சே அடுத்த படம் பண்றார். 'மனைவியே மறுத்த கேட்ச்.' இன்னிக்கு சாயங்காலம் டீசர்."

"அட, படுபாவி" என்றான் ரேடியோ.

"ஊர் என்ன சொன்னாலும் எனக்குக் கவலை இல்ல. எனக்கு வயசாயிடுச்சு. ஆனா ஒவ்வொரு படத்துலயும் நான் ஹால்ல உக்காந்து அளக்கறப்ப, அவ உள்ளே நின்னு இது பொய்யின்னு நெனச்சுக்கிட்டே இருந்தாளா? அத்தனை வருஷமா? அது மட்டும் எனக்குத் தெரியணும். அவ குரல் வேற எதுலயும் கிடையாது. போன்ல பேசினாக்கூட 'வெச்சுடறேன்'னுதான் ஆரம்பிப்பா."

அண்ணி எழுந்து பையை எடுத்தாள். "வீட்டுக்குப் போய் போனைப் பக்கத்துல வெச்சுக்கிட்டு உக்காருங்க சார்."

"எந்தக் காதுப் பக்கம்?" என்றான் ரேடியோ, நிலைமையை லேசாக்க நினைத்து. அண்ணி பார்த்த பார்வையில் வாயை மூடிக்கொண்டான்.

அவர் படியிறங்கியதும் ஒன்பதாவது படத்தைக் கணினியில் ஓடவிட்டார்கள். சோபாவில் கோந்து. பின்சுவரில் பெரிய கேட்ச் புகைப்படம். அவர் சூரியனைப் பிடிக்கும் இடத்துக்கு வந்தபோது ரேடியோ மேஜையைத் தட்டினான்.

"நிறுத்துங்க! கேட்டீங்களா? அதுவரைக்கும் வெறும் பேச்சு. சரியா இந்த இடத்துல மட்டும் வயலின். எதுக்கு? எதையோ மூடறாங்க. ரோட்டுல பள்ளத்தை மறைக்கப் பாய் விரிச்ச மாதிரி. அந்தம்மா குரல் இந்த வயலினுக்கு அடியிலதான் புதைஞ்சிருக்கு!"

"நல்லா இருக்கே" என்றாள் அண்ணி.

ரேடியோவுக்குக் காது மடல் சூடானது. அண்ணி பாராட்டியது இந்த வருடத்தில் இது முதல் முறை. ஸ்கூட்டரை அவன் ஓட்டிய வேகத்தில் பின்னால் உட்கார்ந்திருந்த அவள் இரண்டு முறை சாமியைக் கூப்பிட்டாள்.

எடிட்டிங் அறை ஓர் அச்சகச் சந்தில், மூன்றாவது மாடியில் இருந்தது. லிஃப்டில் 'வேலை செய்யவில்லை' என்று எழுதி ஒட்டியிருந்தார்கள். அந்தக் காகிதமே பழுத்துப்போயிருந்தது. உள்ளே ஏசி குளிர். சுவரெல்லாம் முட்டை அட்டை மாதிரி குழி குழியாகப் பஞ்சு. இரண்டு திரைகளுக்கு முன்னால், கழுத்துவரை சால்வை சுற்றிக்கொண்டு ஒரு பெண் பிஸ்கட் தின்றுகொண்டிருந்தாள். ஒன்பதாவது படத்தை வெட்டி ஒட்டியவள் அவள்தான். தொழிலில் எல்லோருக்கும் அவள் கத்திரி.

"வாங்கக்கா. வாங்க அங்கிள்."

"அங்கிளா?" ரேடியோ நொந்துபோனான். "அவங்களை அக்கான்னுட்டு, அவங்களைவிட சின்னவனை அங்கிள்ங்கறியேம்மா. உன் கணக்கு எந்த ஊர்க் கணக்கு?"

"முடியை வெச்சுக் கணக்குப் போட்டேன் அங்கிள்."

அண்ணி விஷயத்தைச் சொன்னாள். ரேடியோ வயலினைச் சொன்னான். புதையலைத் தோண்டப் போகிறவன் மாதிரி சட்டைக் கையை வேறு மடித்துவிட்டுக்கொண்டான். கத்திரி எதையோ தட்டினாள். வயலின் மறைந்தது. அதன் அடியிலிருந்து கோந்துவின் குரல் வந்தது.

"சூரியனையே பிடிச்சிடலாம்னு... ஏஏஏவ்."

முழு நீள ஏப்பம். சூரியனை விழுங்கியவர் விட்ட ஏப்பம் மாதிரி இருந்தது.

"அதான் வயலின்" என்றாள் கத்திரி. "வயலினுக்கு அடியில எப்பவும் ஏப்பமோ இருமலோதான் அங்கிள் இருக்கும். பெரிய சோகமான சீன்னா தும்மல்."

ரேடியோ மடித்த சட்டைக் கையைப் பிரித்துவிட்டான்.

"மத்ததெல்லாம்? அன்னிக்கு எடுத்த மொத்தமும்?" என்றாள் அண்ணி.

"அழிச்சாச்சுக்கா. படம் ஒளிபரப்பானதும் மூலத்தை அழிச்சுட்டு அந்த ஹார்ட் டிஸ்க்குல அடுத்த படத்தை ஏத்திடுவாங்க. படத்துல எந்தெந்தத் துண்டைப் போட்டமோ அது மட்டும்தான் இருக்கும். அந்தம்மா குரல் எதுலயும் இல்ல. நான் பேச்சு மொத்தத்தையும் கேட்டுத்தான் வெட்டினேன். அவர் பேசினப்ப உள்ளேருந்து யாரும் எதுவும் சொல்லலக்கா. தட்டு விழுந்த சத்தம்கூட இல்ல."

ரேடியோ நாற்காலியில் சரிந்தான். "முடிஞ்சது. கேஸ் அவுட். நடுவர் விரலைத் தூக்கிட்டார். வாங்க அண்ணி, போற வழியில கோந்து சாருக்கு என்ன பொய் சொல்றதுன்னு யோசிச்சுக்கிட்டே போலாம்."

அண்ணி அசையவில்லை. ஒரு பிஸ்கட்டை எடுத்து, தின்னாமல் வைத்துக்கொண்டிருந்தாள்.

"நான் உனக்கு ஒரு ஜோக் சொன்னா நீ எப்படிச் சிரிப்பே?"

"நீங்க எங்க அண்ணி ஜோக் சொல்லியிருக்கீங்க?"

"சொன்னா?"

"உடனே சிரிப்பேன். சம்பளம் வாங்கறேனே."

"உன் அண்ணன்?"

"அவருக்குப் புரிய அரை மணி ஆகும்."

"ஆளுக்கு ஆள் சிரிப்பு முன்னே பின்னே வரும். இல்லையா? அங்க அத்தனை பேரும் ஒரே நேரத்துல வெடிச்சிருக்காங்க. அதுவும் யாரோ கையைத் தட்டினதுக்கு அப்புறம். எப்படி?"

ரேடியோ யோசித்தான். அவன் வாழ்க்கையில் அப்படி ஒரு சிரிப்பு ஒரே ஒரு தடவை நடந்திருக்கிறது. பள்ளிக்கூடத்தில் மௌன அஞ்சலி. எல்லோரும் தலைகுனிந்து நின்றார்கள். முன்வரிசையில் தலைமையாசிரியரின் தலையில் ஒரு தும்பி உட்கார்ந்தது. வகுப்பே உதட்டைக் கடித்துக்கொண்டு நடுங்கியது. மணி அடித்ததும் மொத்தமாக வெடித்தது. பிரம்படி ரேடியோவுக்கு மட்டும்.

"அடக்கி வெச்சிருந்தாங்க!" என்று கத்தினான். "சிரிக்கக் கூடாத நேரம்! சத்தமே போடக் கூடாத நேரம்!"

"அவர் பேசி முடிச்சாச்சு. சும்மா உக்காரச் சொல்லியிருக்காங்க. ஆனாலும் யாரும் மூச்சு விடக் கூடாது." அண்ணி கத்திரியின் பக்கம் திரும்பினாள். "யாருமே பேசாத நேரத்துல நீங்க எதைப் பதிவு பண்ணுவீங்க?"

கத்திரியின் வாயிலிருந்த பிஸ்கட் பாதியில் நின்றது.

"அமைதியை" என்றாள்.

"எதை?" என்றான் ரேடியோ.

"ரூம் டோன் அங்கிள். ஒவ்வொரு ரூமுக்கும் ஒரு அமைதி இருக்கு. ஃபேன், கடிகாரம், ஜன்னல், எல்லாம் சேந்து ஒரு மாதிரி கம்முனு ஒரு சத்தம். பேச்சை வெட்டி ஒட்டினா நடுவுல ஓட்டை விழும். அந்த ஓட்டையில அந்த ரூமோட அமைதியைத்தான் நிரப்பணும். வேற ரூமோடது போட்டா காதுக்குத் தெரிஞ்சிடும். அதனால கடைசில எல்லாரையும் சிலையா நிக்க வெச்சு, வெறும் அமைதியைப் பிடிப்பாங்க. முடிஞ்சதுன்னு கை தட்டினாத்தான் அசையலாம்."

"அதாவது, அத்தனை ஆளும் இவ்வளவு மிஷினும் வெச்சுக்கிட்டு ஒண்ணுமே இல்லாததை ரெக்கார்டு பண்றீங்க. அதுக்குச் சம்பளம் வேற. அண்ணி, எங்க அண்ணன் சொன்ன மாதிரி நான் வீட்டுல சும்மா உக்காந்திருந்தேனே, அது எவ்வளவு பெரிய தொழில்!"

"கோந்து சார் வீட்டுல ரெண்டு தடவை பிடிச்சாங்க" என்றாள் கத்திரி. அவள் விரல்கள் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருந்தன. "முதல் அமைதி பாதியில கெட்டுப்போச்சுன்னு சவுண்டுக்காரர் குறிப்பு எழுதியிருந்தார். ரெண்டாவதுல ஃப்ரிட்ஜ் ஓட ஆரம்பிச்சுடுச்சு. அதனால முதல் அமைதியில நல்லா இருந்த இடத்தை மட்டும் எடுத்துப் படம் முழுக்கப் போட்டேன். ஏன் கெட்டுச்சுன்னு நான் கேக்கவே இல்லையே! அவசரம்!"

திரையில் படம் நீளமான பட்டைகளாக விரிந்தது. எல்லாவற்றுக்கும் கீழே பச்சையாக ஒரு மெல்லிய பட்டை.

"இதான் அமைதி. நாங்க துண்டு போடறப்ப எதையும் அறுக்க மாட்டோம்கா. ரெண்டு பக்கமும் உள்ள மடிச்சு விடுவோம், அவ்வளவுதான். நுனியைப் பிடிச்சு இழுத்தா மடிச்சது வெளிய வந்துடும். படத்துல போட்ட துண்டுங்கறதால ஃபைல் அழியாம இருக்கு. முழுசா!"

ரேடியோ அந்தப் பச்சைப் பட்டையையே பார்த்தான். அந்தம்மா பேசினாள். படத்தில் இல்லை. ஆனால் படத்தின் ஒவ்வொரு நிமிடத்துக்கும் அடியில் மடித்து வைக்கப்பட்டிருக்கிறாள். கேட்ச் தவறி மடியில் விழுந்த பந்து மாதிரி, தேடிய பொருள் கூடவே இருந்திருக்கிறது.

"இழு, இழு, வலது பக்கம் இழு!" என்று குதித்தான்.

"இடது பக்கம்" என்றாள் அண்ணி.

"அண்ணி!"

"முதல்ல இடது பக்கம் இழும்மா. அமைதி தொடங்கறதுக்கு முன்னால என்ன நடந்துச்சுன்னு பாப்போம்."

கத்திரி இழுத்தாள். பச்சைப் பட்டை இடது பக்கம் வளர்ந்தது. ஓடவிட்டாள். நாற்காலிகள் நகரும் சத்தம். பிறகு சவுண்டுக்காரரின் கட்டைக் குரல்.

"எல்லாரும் அப்படியே நில்லுங்க. டைரக்டர் சார், கோச்சுக்காதீங்க, உங்க ஷூ கீச்சுக்கீச்சுங்குது. கழட்டாதீங்க, போன தடவை நீங்க கழட்டினப்ப கேமராமேன் இருமினார். வெளிய போயிடுங்க சார். கேட்டுக்கு அந்தப் பக்கம். நான் கூப்பிடற வரைக்கும்."

கீச், கீச், கீச் என்று ஷூ நடந்து போனது. கதவு சாத்தும் சத்தம்.

அண்ணி முதன்முறையாக அந்தப் பிஸ்கட்டைக் கடித்தாள். மென்று முடித்தாள். டைரக்டருக்குப் போன் போட்டாள். ஒலிபெருக்கியில் வைத்தாள்.

"சார், கோந்து சார் மனைவி அன்னிக்கு ஏதோ சொன்னாங்களாமே. அப்ப நீங்க எங்க இருந்தீங்க?"

"நானா? பக்கத்துலதான் மேடம். என் ரெண்டு காதாலயும் கேட்டேன். 'அது கேட்ச்சே இல்ல.' எனக்கு அப்படியே புல்லரிச்சுப்போச்சு!"

அண்ணி கண்ணைக் காட்டினாள். கத்திரி தட்டினாள். சவுண்டுக்காரரின் குரல், ஷூ, கதவு எல்லாம் போனுக்குள் போயின. மறுமுனையில் நல்ல தரமான ரூம் டோன் நிலவியது.

"கேட்டுக்கு அந்தப் பக்கம் நின்னா எவ்வளவு தூரம் சார் கேக்கும்?" என்று ரேடியோ மிக மரியாதையாகக் கேட்டான். "அப்புறம், அந்த ஷூ இன்னும் இருக்கா?"

"டீசர்ல... சின்னதா ஒரு மாற்றம் பண்ணிக்கறேன் மேடம்."

"மாத்த வேணாம். எடுத்துடுங்க."

"எடுத்துடறேன்."

போனை வைத்ததும் ரேடியோவும் கத்திரியும் கைதட்டிக்கொண்டார்கள். கத்திரி வலது நுனியில் அம்புக்குறியை வைத்தாள். அண்ணி அவள் கையைப் பிடித்தாள்.

"போதும்மா. இது நாம முதல்ல கேக்க வேண்டியது இல்ல."

"அண்ணி, என் தலை வெடிச்சிடும்."

"வெடிக்கட்டும். அவரைக் கூப்பிடு."

"ஒருவேளை..." ரேடியோவின் குரல் இறங்கியது. "டைரக்டர் கேக்காமலே அடிச்சுவிட்டதுதான். ஆனா குருட்டாம்போக்குல அதுவே நெஜமா இருந்துட்டா? அந்தம்மா நெஜமாவே அப்படிச் சொல்லியிருந்தா?"

"இருந்தாலும் அவர்தான் முதல்ல கேக்கணும்."

கோந்து மூன்று மாடியும் ஏறி வந்தார். கழுத்துவரை பட்டன் போட்ட வெள்ளைச் சட்டை. படிய வாரிய தலை. கன்னத்தில் பவுடர் திட்டு.

"கேமரா எங்க?" என்றார் மூச்சு வாங்கியபடி.

"கேமரா இல்ல சார். கேக்க மட்டும்தான்."

"அட, பவுடர் வீண்."

அவரை உட்காரவைத்தார்கள். ஹெட்போனை மாட்டினார்கள். வலது காதில் சரியாக உட்காருகிறதா என்று கத்திரி இரண்டு முறை பார்த்தாள். அண்ணி நடந்ததைச் சொன்னாள். அவர் தலையை மட்டும் ஆட்டினார். கத்திரி வலது நுனியை இழுத்தாள். பச்சைப் பட்டை வளர்ந்தது. சமமாக இருந்த பட்டையில், ஓரிடத்தில் சின்னச் சின்ன மேடுகள் வந்தன.

அவருக்கு மட்டும் கேட்டது.

ரேடியோ அவர் முகத்தையே பார்த்தான். முதலில் ஒன்றும் இல்லை. பேருந்துக்குக் காத்திருப்பவர் மாதிரி இருந்தார். பிறகு சட்டென்று இடது பக்கம் திரும்பினார். அங்கே முட்டைக் குழிப் பஞ்சுச் சுவர்தான் இருந்தது.

"இன்னொரு தடவை" என்றார்.

கத்திரி போட்டாள்.

"இன்னொரு தடவை."

மூன்றாவது தடவை முடிந்ததும் ஹெட்போனைக் கழற்றிக் கழுத்தில் விட்டார். எழுந்தார். நாற்காலியைக் காலால் தள்ளினார். அந்தச் சின்ன அறையின் நடுவில் நின்று, பஞ்சுச் சுவரைப் பார்த்துப் பேச ஆரம்பித்தார்.

"சரி, கேளு. சூரியனும் இல்ல, ஒண்ணும் இல்ல. அன்னிக்கு ஒரே மேகம். அவன் தூக்கி அடிச்சான். எனக்கு ஓடவே மனசில்ல. ஏன்னா காலைலேருந்தே பேண்ட் பட்டன் லூசு. திரும்பினேன், ஓடினேன், பட்டன் தெறிச்சுது. 'டிக்'குன்னு எனக்கே கேட்டுச்சு, அப்ப ரெண்டு காதும் இருந்துச்சே. பேண்ட் இறங்குது. மைதானம் நெறைய ஜனம். உள்ளே போட்டிருந்தது பூப்போட்டது. அதைப் பாத்தா நாடே சிரிக்கும். பேண்டைப் பிடிக்கறதா, பந்தைப் பிடிக்கறதா? இடது கையால இடுப்பைப் பிடிச்சேன். வலது கையைச் சும்மா தூக்கினேன். சத்தியமா சும்மாத்தான் தூக்கினேன். வந்து உக்காந்துடுச்சு! ரெண்டையும் பிடிச்சுட்டேன்! எல்லாரும் ஓடி வந்து என்னைத் தூக்கறாங்க. நான் 'தூக்காதீங்கடா, தூக்காதீங்கடா'ன்னு கத்தறேன். அடக்கமான மனுஷன்னு மறுநாள் பேப்பர்ல போட்டான்!"

கத்திரி சால்வையை வாயில் திணித்துக்கொண்டாள். அண்ணி சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டாள். தோள் குலுங்கியது. அவள் சிரித்து ரேடியோ பார்ப்பது அதுதான் முதல் தடவை.

"பேராசிரியர்!" என்று ரேடியோ தரையில் உட்கார்ந்துவிட்டான். "சார், அந்தப் பேராசிரியரோட வரைபடம்! இடுப்புல கை வெச்சு ஓடற பசங்க சார்! ஊர் ஊரா ஓடறாங்களே!"

"பேண்ட் நழுவாம ஓடறாங்கல்ல, நல்லதுதானே" என்றார் கோந்து. பவுடரின் மேல் இரண்டு ஈரக்கோடுகள் இறங்கியிருந்தன. அதைத் துடைக்க அவருக்குத் தோன்றவில்லை. அவரும் சிரித்துக்கொண்டிருந்தார்.

"இது ஒன்பது படத்துலயும் இல்லையே சார்."

"இதை வெளிய சொன்னதே இல்ல தம்பி. ஒருத்திக்கு மட்டும்தான். கல்யாணமான புதுசுலேருந்து."

"இப்ப ஏன் சொன்னீங்க? அம்மா அப்படி என்னதான் சொன்னாங்க?"

கோந்து ஹெட்போன் வயரைப் பிடித்து வெடுக்கென்று உருவினார். கத்திரியைப் பார்த்துத் தலையசைத்தார்.

ஒலிபெருக்கிகளிலிருந்து ஒரு வீட்டின் அமைதி வந்து அறையை நிரப்பியது. ஒரு கடிகாரம். எங்கோ ஒரு பாத்திரத்தைக் கழுவிக் கவிழ்க்கும் சத்தம். ஹாலில் ஓர் ஓசையும் இல்லாததால், வந்தவர்கள் எல்லோரும் கிளம்பிவிட்டார்கள் என்று நினைத்துவிட்ட ஒரு பெண்ணின் குரல்.

"அப்பாடா, தொலைஞ்சாங்களா எல்லாரும்? ஏங்க, கேமராவைப் பாத்துட்டா உங்களுக்கு எங்கேருந்துதான் வருதோ அந்தச் சூரியன்! வாங்க இங்க. எனக்குச் சொல்ற மாதிரி ஒரு தடவை சொல்லுங்க."